சீராக வந்த வண்டல்

வெள்ளிமலை
8-3-1987

அண்ணனுக்கு,

நாயகி எழுதுகிறேன். கையெழுத்தைப் பார்த்ததும் கிழித்துப் போடாதே. எதையும் கேட்டு எழுதவில்லை.

போன வாரம் கள்ளக்குறிச்சிக்கு இறங்கியிருந்தேன். உரக்கடை ஷேக் மைதீன் பாய் என்னை அடையாளம் கண்டுகொண்டு கூப்பிட்டார். "இன்னாம்மா, களமருதூர் வீரமுத்து தங்கச்சி பெரியநாயகிதானே நீ? ஒங்கண்ணன் கடைக்கு வரும்போதெல்லாம் மலையிலேர்ந்து யாராச்சும் வந்தாங்களான்னு கேட்டுக்கினே இருக்கான்" என்றார். எனக்குக் கடையிலேயே கண் கலங்கிவிட்டது. கரும்பு வெட்ட வந்த மலைக்காரனைக் கட்டிக்கொண்டு போனவள் என்று ஆறு வருஷமாக நீயும் என்னைத் தலைமுழுகிவிட்டாய் என்றுதான் நினைத்திருந்தேன். வீட்டு முகவரிக்குப் போட்டால் அப்பா கையில் கிடைக்கும். அதனால் பாய் கடைக்கே போடுகிறேன்.

நாங்கள் பட்டர் ஃப்ரூட் மரம் வைக்கப் போகிறோம். சிரிக்காதே. பச்சையாக, கழுத்து நீண்ட சுரைப்பிஞ்சு மாதிரி இருக்கும். உள்ளே வெண்ணெய். சர்க்கரை போட்டுத் தின்ன வேண்டும். இவர் ஏற்காட்டு எஸ்டேட்டில் கூலி வேலை செய்தபோது காப்பிச் செடிகளுக்கு நடுவே அந்த மரங்களைப் பார்த்திருக்கிறார். தினையும் சாமையும் போட்டு வயிற்றைக் கழுவினது போதும், பிள்ளை பெரியவளாகும்போது ஒரு தோப்பு நிற்க வேண்டும் என்று ஆசை. ஆசை என்ன, வெறி. அதற்காக எஸ்டேட் வேலையையே விட்டுவிட்டு வந்துவிட்டார்.

இடம் தேடியே தை மாதம் முழுக்கப் போயிற்று. ஓடைக்கரையில் எங்களுக்குச் சமதரையாக ஒரு துண்டு இருக்கிறது. அங்கே வைக்கலாமே என்றேன். "மழைக்காலத்துல அங்க நண்டு குடியிருக்கும். நண்டு இருக்கிற எடத்துல இந்த மரம் இருக்காது" என்றார். கடைசியில் வீட்டுக்கு மேலே கிழக்குப் பார்த்த சரிவைப் பிடித்தார். குழி வெட்டுவார், ஒரு குடம் தண்ணீர் ஊற்றுவார், பிறகு என்னை அடுப்பில் உலை வைக்கச் சொல்வார். நான் சோறு வடிப்பதற்குள் குழியில் தண்ணீர் வற்றிவிட வேண்டும். வற்றாத குழியை மூடிவிட்டு வேறு இடத்தில் வெட்டுவார். இப்படியே எத்தனை உலை வைத்தேன் தெரியுமா! மண்ணை அள்ளி மோந்து பார்க்கிறதும், உதிர்த்துப் பார்க்கிறதும். ஊரில் இவருக்குக் காத்துக்கருப்பு பிடித்திருக்கிறது என்று பேசிக்கொள்கிறார்கள்.

எங்கள் பெண் கண்ணகிக்கு நாலு வயது. இன்னும் காது குத்தவில்லை. உட்கார வைக்கத் தாய்மாமன் மடி இல்லையே. இதையும் கேட்டு எழுதவில்லை, சொல்லி எழுதுகிறேன்.

பெரியநாயகி


களமருதூர்
22-3-1987

பெரியநாயகிக்கு,

உன் கடிதத்தைப் பாய் கடையில் யூரியா மூட்டைகளுக்கு நடுவே நின்றுகொண்டே படித்தேன். பாய் டீ வாங்கிவரச் சொல்லிவிட்டு அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டார். நல்ல மனுஷன்.

நீயாக எழுதிவிட்டாய். நான் எழுதியிருக்க வேண்டும். அப்பா உன் துணிமணிகளைத் தெருவில் வீசிய அன்றைக்கு நான் மோட்டார் கொட்டகையில் இருந்தேன். மோட்டார் ரிப்பேர் என்று பிறகு எல்லோரிடமும் சொன்னேன். மோட்டார் நன்றாகத்தான் ஓடிக்கொண்டிருந்தது. நீ தெருவில் நின்று "அண்ணா, அண்ணா" என்று கூப்பிட்டது அந்தச் சத்தத்திலும் எனக்குக் கேட்டது. நான் வரவில்லை. அந்த மோட்டாரை இன்றைக்குப் போட்டாலும் எனக்கு அந்தக் குரல்தான் கேட்கிறது.

அது கிடக்கட்டும். உன் கடிதத்தில் ஒன்று எனக்குச் சுத்தமாகப் பிடிக்கவில்லை. தண்ணீர் நிற்காத மண்ணைத் தேடிப்பிடித்து எவனாவது மரம் வைப்பானா? ஓட்டைப் பானையில் தண்ணீர் பிடிக்கிற கதையாக அல்லவா இருக்கிறது! நம் நிலத்தைப் பார்த்து வளர்ந்தவள் நீ. ஒரு மழை பெய்தால் பத்து நாள் ஈரம் காக்கிற மண். அது மண். மலையில் இருப்பது சரளை.

இந்த வருஷம் ஏரி வற்றிக் கிடக்கிறது. ஊரே வண்டல் அடித்துக்கொண்டிருக்கிறது. மரவள்ளிக் கிழங்கு ஏற்ற மலைக்குப் போகிற லாரிகள் காலியாகத்தான் ஏறுகின்றன. ஒரு டிரைவரிடம் பேசிவிட்டேன். சித்திரையில் ஒரு லோடு வண்டல் வரும். குழிகளை அதைக் கொண்டே நிரப்பு. நம் ஏரி வண்டல் போட்டால் கல்லும் துளிர்க்கும்.

இந்த வீட்டிலிருந்து உனக்கு ஒரு பித்தளைக் குடம்கூடச் சீராக வரவில்லை. இந்த மண்ணையே சீராக வைத்துக்கொள். அப்பாவுக்குத் தெரியாது.

பிள்ளையைக் கேட்டதாகச் சொல்.

வீரமுத்து


வெள்ளிமலை
3-5-1987

அண்ணா,

சீர் வந்து சேர்ந்தது!

லாரி கச்சிராயபாளையம் தாண்டி மலையேறி வந்து வாசலில் நிற்கும்போது சாயங்காலம். கொட்டின குவியலைப் பார்க்கப் பெண்கள் எல்லோரும் வந்துவிட்டார்கள். எனக்கு என்ன தோன்றியதோ, மஞ்சளும் குங்குமமும் கரைத்து அந்த மண்குவியலுக்கு ஆரத்தி எடுத்தேன். அவர்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். சிரிக்கட்டும். குவியலுக்குள் ஒரு நத்தைக் கூடு கிடந்தது. ஏரியில் நீயும் நானும் பொறுக்கினது மாதிரியே. கண்ணகிக்குக் கொடுத்திருக்கிறேன்.

ஒரு சண்டையும் நடந்தது, மறைப்பானேன். இவர் மண்ணில் தண்ணீர் தெளித்துப் பிசைந்து உருண்டை பிடித்தார். அது உள்ளங்கையில் மினுமினுவென்று உடையாமல் நின்றது. "இது பொம்மை செய்யற மண்ணு நாயகி. நெல்லுக்கு ராசா. இந்த மரத்தோட வேரு இதுக்குள்ள மூச்சு வுட முடியாது. ஓடைக்கரைத் துண்டுல போடலாம்" என்றார். எனக்கு எங்கிருந்துதான் அப்படி ஒரு கோபம் வந்ததோ! "ஆறு வருசம் கழிச்சு எங்க வூட்டுலேர்ந்து வந்திருக்குது. அதைக் கொண்டும்போய் நண்டு வளையில கொட்டச் சொல்றீங்களா? எங்க வூட்டு மண்ணு ஒங்களுக்கு அவ்ளோ கேவலமாப் போச்சா?" என்று கத்திவிட்டேன். அவருக்கு முகம் சுண்டிப்போயிற்று. இரண்டு நாள் பேச்சு இல்லை. பிறகு அவரே கூடையை எடுத்துக் குழிகளை நிரப்பினார். ஜெயித்தது நான்தான்.

கோடை மழை விழுந்ததும் ஏற்காட்டிலிருந்து ஒட்டுச்செடிகள் வரும். இப்போது ஒவ்வொரு குழியும் நம் வயல் மாதிரி கறுப்பாக இருக்கிறது. காலையில் எழுந்ததும் போய்ப் பார்க்கிறேன். பிறந்த வீட்டுக்குப் போய்விட்டு வந்த மாதிரி இருக்கிறது.

நாயகி


களமருதூர்
19-7-1987

நாயகிக்கு,

செடி வந்ததா? நட்டாயா? எவ்வளவு உயரம்? ஒன்றும் எழுதாமல் இருக்கிறாயே.

சண்டையைப் படித்துச் சிரித்தேன். உன் வீட்டுக்காரருக்கு மலை மண் தெரியும், ஏரி மண்ணின் அருமை எப்படித் தெரியும்? காய்க்கும்போது தெரிந்துகொள்வார்.

இங்கே எங்கே பார்த்தாலும் கூட்டமும் பேச்சும்தான். நம் சாதிப் பிள்ளைகள் பத்தாவது முடித்துவிட்டு மறுபடி ஏர் பிடிக்கிறார்கள். எண்ணிக்கையில் இத்தனை பேர் இருந்தும் ஆபீஸ் நாற்காலியில் ஒருத்தன் இல்லை. இட ஒதுக்கீட்டில் தனிப் பங்கு வேண்டும் என்று சங்கத்தில் கேட்கிறார்கள். செப்டம்பரில் ஒரு வாரம் சாலை மறியல் என்று முடிவாகியிருக்கிறது. நானும் போகிறேன். ஒரு முறை கொட்டகைக்குள் ஒளிந்தவன், இந்த முறை தெருவில் நிற்கிறேன்.

ஊர்க்காரர்களிடம் மலைமேல் நமக்கு ஒரு தோப்பு வருகிறது, நம் ஏரி மண்ணில் என்று சொல்லியிருக்கிறேன். அடுத்த சித்திரைக்கு இன்னொரு லோடு அனுப்புகிறேன். உடனே பதில் போடு.

வீரமுத்து


வெள்ளிமலை
30-8-1987

அண்ணனுக்கு,

பதில் போடத் தாமதமாகிவிட்டது. வேலை. கண்ணகிக்குச் சளி. இங்கே மழை ஜாஸ்தி.

செடிகள் நன்றாக இருக்கின்றன. உயரம் அளக்கவில்லை.

மறியலில் ஜாக்கிரதை. பங்கு கேட்டு மறிக்க உங்களுக்கு ரோடாவது இருக்கிறது. எங்களுக்குப் பங்கு ஏற்கெனவே இருக்கிறதாம். அதைப் போய் வாங்கத்தான் ரோடு இல்லை. பாதை சரிந்து, வருகிற ஒரே பஸ்ஸும் நின்று ஒரு வாரம் ஆகிறது.

இன்னொரு லோடு வேண்டாம். வந்ததே போதும்.

நாயகி


கடலூர் சிறை
11-10-1987

நாயகிக்கு,

முகவரியைப் பார்த்துப் பயந்துவிடாதே. அடிபடவில்லை. மறியலில் பிடித்த எல்லோரையும் போல என்னையும் கொண்டுவந்து போட்டிருக்கிறார்கள். அடிபட்டவர்களும் செத்தவர்களும் உண்டு என்று நீ கேள்விப்பட்டிருப்பாய். இந்தக் கடிதத்தைப் படித்துப் பார்த்துத்தான் வெளியே விடுவார்கள். அதனால் அதைப் பற்றி எழுதவில்லை.

கேட்டது நியாயம்தான். அதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் ஒன்று நெஞ்சை அறுக்கிறது. ரோட்டை மறிக்க மரம் வெட்டிப் போட்டோம். நம் ஊர் பிரிவு ரோட்டில் நின்ற பெரிய புளியமரம் உனக்கு ஞாபகம் இருக்கும். பள்ளிக்கூடம் விட்டு வரும்போது நீ கல்லெறிந்து காய் அடிப்பாயே, அதே மரம். அதில் முதல் கோடாலி போட்டது நான்; கேஸிலும் அதுதான் இருக்கிறது, மறைக்க ஒன்றும் இல்லை. கொட்டகைக்குள் ஒளிந்தவன் என்று யாரும் சொல்லிவிடக் கூடாது என்று முன்னால் போனேன். வேறு காரணம் இல்லை.

மரம் விழுந்த பிறகு கொளஞ்சியம்மாள் ஓடிவந்தாள். அந்த வருஷம் அந்த ரோட்டுப் புளி ஏலம் எடுத்திருந்தவள். நம் ஆள்தான். "கேக்கறதக் கேளுங்கடா. எம்புள்ளைக்குந்தான் வேலை வேணும். மரம் இன்னாடா செஞ்சுது ஒங்கள? பிஞ்சு வுட்டிருக்குதேடா" என்றாள். விழுந்த கிளையில் இருந்த பிஞ்சுகளை ஒவ்வொன்றாகக் கிள்ளி மடியில் போட்டுக்கொண்டே இருந்தாள். அது எதற்கும் ஆகாது என்று அவளுக்கும் தெரியும். நான் கோடாலியோடு நின்றேன்.

இங்கே எனக்கு ஒரே ஆறுதல் உன் சரிவுதான். ஒன்றை வெட்டினேன், அங்கே அத்தனை மரம் நம் மண்ணில் நிற்கிறதே என்று சொல்லிக்கொள்கிறேன். கூட இருப்பவர்களிடமும் சொல்கிறேன். யாரும் அந்த மரத்தைப் பார்த்ததில்லை. ஒரே ஒரு இலை, கடிதத்தில் வைத்து அனுப்புவாயா?

வீரமுத்து


வெள்ளிமலை
2-11-1987

அண்ணா,

நீ உள்ளே இருக்கிறாய் என்று தெரிந்ததிலிருந்து சோறு இறங்கவில்லை. உடம்பைப் பார்த்துக்கொள்.

கேட்ட இலையை வைத்திருக்கிறேன். இருந்ததிலேயே நல்ல இலை.

நாயகி


களமருதூர்
6-12-1987

அன்புத் தங்கை நாயகிக்கு,

ஜாமீனில் வெளியே வந்துவிட்டேன். இப்போது சொல்லப் போவதை உட்கார்ந்து படி.

உன் இலை உள்ளே எத்தனை கை மாறியது தெரியுமா! ஒருவர் மோந்து பார்ப்பார், ஒருவர் நரம்பைத் தடவுவார். அதைப் பத்திரமாகச் சட்டைப் பையில் வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்தேன். சட்டையைத் துவைக்க எடுத்தபோது அப்பா கையில் அது கிடைத்துவிட்டது. "இன்னாடா இது, மாவிலையாட்டம் கீது?" என்றார். சரி, ஜெயிலுக்கே போய் வந்தாயிற்று, இனி என்ன பயம் என்று எல்லாவற்றையும் சொன்னேன். வண்டல் அனுப்பினது, நீ ஆரத்தி எடுத்தது, பிள்ளைக்குக் காது குத்தாதது, எல்லாம்.

அப்பா எழுந்து தொழுவத்துக்குப் போனார். மாட்டுக்கு வைக்கோல் போட்டார். தண்ணீர் காட்டினார். பிறகு கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வந்து அந்த இலையை மறுபடி வாங்கிப் பார்த்தார். "நாயகி வூட்டு மரமா?" என்று கேட்டார். நாயகி என்று சொன்னார்! ஆறு வருஷத்தில் அந்தப் பேர் அந்த வாயில் வந்து நான் கேட்டதில்லை.

நேற்று அவராகவே, "பொங்கல் கழிச்சி ஒரு லோடு மண்ணு அடிச்சிக்கினு நாமளே போயி அந்தத் தோப்பைப் பாத்துட்டு வரலாம்" என்றார். அப்பாவும் நானும் லாரியிலேயே வருகிறோம். எனக்கு இங்கே கால் தரையில் பாவவில்லை.

வீரமுத்து


வெள்ளிமலை
13-12-1987

அண்ணா,

வராதே. அப்பாவைக் கூட்டி வராதே. மண் கொண்டுவராதே.

தோப்பு இல்லை. நட்ட செடிகள் எல்லாம் செத்துவிட்டன. ஆகஸ்டில் நான் உனக்கு நன்றாக இருக்கின்றன என்று எழுதியபோதே பாதி மஞ்சளாகி இருந்தன. நீ ஜெயிலிலிருந்து எழுதியபோது ஒன்றுகூட இல்லை.

ஆனியில் நட்டபோது எல்லாம் தளதளவென்று இருந்தன. மழை பிடித்துக்கொண்டது. இலைகள் தொங்க ஆரம்பித்தன. வாடின செடியைப் பார்த்தால் தண்ணீர் ஊற்றத்தானே நமக்குத் தெரியும்? இவர் ஏற்காட்டுக்குப் போயிருந்த நாட்களில், மழை விட்ட நேரம் பார்த்து நான் குடம் குடமாகக் கொண்டுபோய் ஊற்றினேன். தாகத்தில் வாடுகிறது என்று நினைத்தேன். அது மூச்சு முட்டி வாடியிருக்கிறது. திரும்பி வந்து இவர் ஒரு செடியைப் பிடித்துத் தூக்கினார். இழுக்கவே வேண்டியிருக்கவில்லை, கையோடு வந்துவிட்டது. வேர் கறுத்து, கூழாகி, சாக்கடை நாற்றம். குழிக்குள் கையை விட்டால் வண்டல் களிம்பு மாதிரி, தண்ணீர் கட்டி நிற்கிறது. சுற்றிலும் சரளை, நடுவில் களி. சரிவு முழுக்கத் தொட்டி கட்டி வைத்த மாதிரி ஆகியிருக்கிறது. மலையெல்லாம் தண்ணீர் வடிந்து ஓடுகிறது, எங்கள் குழிகளில் மட்டும் நிற்கிறது.

உன்மேல் தப்பு இல்லை. நீ ஆசையாக அனுப்பினாய். பார்க்காத இடத்துக்கு அனுப்பினாய். நான் இங்கே இருந்தேன். சோறு வடிப்பதற்குள் தண்ணீர் வற்றின குழிகளை என் கண்ணால் பார்த்தவள் நான். மண்ணை உருட்டிக் காட்டி அவர் சொன்னதையும் கேட்டவள். அந்த மண் ஆகாது என்று அன்றைக்கே எனக்கு உள்ளுக்குள் தெரியும் அண்ணா. தெரிந்தும் கத்தினேன். பிறந்த வீட்டிலிருந்து முதல்முதலாக வந்ததைத் திருப்பி வைக்க மனசு வரவில்லை.

அவர் "அன்னிக்கே சொன்னேனே" என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் நானும் பதிலுக்குச் சண்டை போட்டு அழுதிருப்பேன். அவர் மறுபடி ஏற்காட்டு எஸ்டேட்டுக்கே கூலிக்குப் போய்விட்டார். எந்த வேலையை விட்டுவிட்டு வந்தாரோ, அதே வேலைக்கு. பொங்கலுக்குத்தான் வருவார்.

இலையைக் கேட்கிறாயா? அது பட்டர் ஃப்ரூட் இலைதான். ஆட்டுக் கொட்டிலுக்குப் பின்னால் ஒரே ஒரு செடி இருக்கிறது. நான் வீம்பு பிடித்ததால், செடிகள் வந்த அன்றைக்கே அவர் எனக்குத் தெரியாமல் ஒன்றை மட்டும் எடுத்துவைத்து, அங்கே குழியே வெட்டாமல், மலை மண்ணையும் மக்கின இலையையும் ஆட்டெருவையும் கலந்து மேடாகக் கூட்டி, அதன் தலையில் நட்டிருக்கிறார். உன் மண் ஒரு கைப்பிடிகூட இல்லாத செடி. அதுதான் பிழைத்தது. அதில் இருந்ததே கொஞ்சம் இலை. நல்லதாகப் பார்த்துக் கிள்ளி உனக்கு அனுப்பிவிட்டேன். "யாரு கிள்ளினது?" என்று கேட்டார். ஆடு என்றேன். அன்றையிலிருந்து அந்த ஆட்டைக் கட்டிப் போட்டிருக்கிறார். எந்தத் தப்பும் செய்யாத ஜீவன். நான் அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் கத்துகிறது.

ஏன் பொய் சொன்னேன் என்று நீ கேட்கலாம். சீர் கெட்டுப்போனது என்று எந்த வாயால் எழுதுவேன்? எழுதினால் நீ மறுபடி மோட்டார் கொட்டகைக்குள் போய்விடுவாய் என்று பயந்தேன். அங்கே உனக்கும் பொய், இங்கே அவருக்கும் பொய். இப்போது அப்பா என் பேரைச் சொன்னார் என்று எழுதுகிறாய். அதைப் படித்து நான் எவ்வளவு சந்தோஷப்பட வேண்டும்! இல்லாத தோப்புக்காகச் சொன்ன பேர் அது. அப்பாவிடம் என்ன வேண்டுமானாலும் சொல். நான் பொய்க்காரி என்றே சொல்.

நாயகி


களமருதூர்
4-1-1988

நாயகிக்கு,

முதலமைச்சர் இறந்ததிலிருந்து டிசம்பர் கடைசி வாரம் எல்லாம் கடையடைப்பு, பஸ் இல்லை, தபால் இல்லை. உன் கடிதம் நேற்றுத்தான் பாய் கடைக்கு வந்தது. இத்தனை நாள் பதில் வராமல் நீ என்ன நினைத்திருப்பாய் என்று எனக்குத் தெரியும். நான் கொட்டகைக்குள் போகவில்லை.

படித்து முடித்ததும் முதலில் கோபம்தான் வந்தது. உன்மேல் இல்லை. ஜெயிலில் அத்தனை பேரிடம் என் மண், என் மண் என்று பீற்றிக்கொண்டேனே, அந்த வாய்மேல். ஒன்றை வெட்டினேன், பத்து வைத்தேன் என்று கணக்குப் போட்டேன். இப்போது பார்த்தால் புளியமரத்தையும் நான்தான் வெட்டினேன், உன் செடிகளையும் நான்தான் கொன்றேன். அதைக் கோடாலியால், இதை அன்பால். கண்ணால் பார்க்காத நிலத்துக்கு லோடு அனுப்புகிறவன் எவ்வளவு பெரிய முட்டாள்! வந்து பார்க்க ரோஷம் விடவில்லை. மண்ணை மட்டும் அனுப்பினேன். சீர் என்றால் கொடுக்கிறவன் கூட வர வேண்டாமா? ஆள் வராமல் தட்டு மட்டும் வந்த சீர் எந்த ஊரில் உண்டு?

அப்பாவிடம் உன் கடிதத்தை அப்படியே படித்துக் காட்டினேன். ஒரு வரி விடவில்லை. உன்னைத் திட்டவில்லை. என்னைத்தான் பிடித்துக்கொண்டார். "நெல்லு மண்ணைக் கொண்டும்போயி மலை மரத்துக்குப் போடச் சொன்னவன் நீயா? ஏண்டா, ஒனக்கு வெவசாயம் யாருடா சொல்லிக் குடுத்தா?" என்றார். அவர்தான் சொல்லிக்கொடுத்தார். அதை நான் சொல்லவில்லை.

அந்த மண்ணைத் திருப்பி ஏற்றிக்கொண்டு வந்துவிடலாமா என்று கேட்டேன். அடிக்க வந்துவிட்டார். கொடுத்த சீரைத் திருப்பி எடுத்தால் உறவு அற்றுப்போனதாக அர்த்தம், அதுகூடத் தெரியாதா என்றார். பிறகு கொஞ்சம் யோசித்து, "தப்பான எடத்துல எறக்கின மூட்டைய நாமளே தூக்கிச் சரியான எடத்துல வெக்கணும்" என்றார். நண்டு குடியிருக்கிற ஓடைக்கரைத் துண்டு என்று எழுதியிருந்தாயே, அதைத்தான் இரண்டு தரம் கேட்டார். விதைநெல் எடுத்து வைத்திருக்கிறார்.

பொங்கல் கழித்து வருகிறோம். வேண்டாம் என்று நீ எழுதினாலும் வருகிறோம். லாரியில் இல்லை, பஸ்ஸில். மண் ஒரு கூடைகூடக் கொண்டுவர மாட்டேன். குழிகளில் இருக்கிற வண்டல் அவ்வளவையும் நான் என் கையால் தோண்டி, தலையில் சுமந்து ஓடைக்கரையில் கொட்டப் போகிறேன். அழுகின குழியில் மறுபடி அந்த மரம் வைக்கலாமா, இன்னும் மேலே தள்ளி வேறு இடம் பார்க்க வேண்டுமா, எனக்குத் தெரியாது. தெரிந்த மாதிரி இனிமேல் பேசவும் மாட்டேன்.

கடைசியாக ஒன்று. இதுவரை எழுதின கடிதங்களில் உன் வீடு, உன் வீட்டுக்காரர் என்றுதான் எழுதியிருக்கிறேன். என் கைக்கு அந்தச் சொல் வரவில்லை. அதனால் கீழே இருப்பதை நீ படித்துக்கொள்ளாதே, அவருக்குப் படித்துக் காட்டு.

வேடியப்பன் மாப்பிள்ளைக்கு, வீரமுத்து எழுதுவது. நீங்கள் உருட்டிப் பார்த்து ஆகாது என்று சொன்ன மண்ணை அனுப்பியவன் நான். நீங்கள் அதைச் சுமந்து நிரப்பினீர்கள். என்னை எங்கே மண்வெட்டி போடச் சொல்கிறீர்களோ அங்கே போடுகிறேன். மேடு எவ்வளவு உயரம் என்று நீங்கள் காட்டினால் போதும், மாப்பிள்ளை.

வீரமுத்து


வெள்ளிமலை
12-1-1988

அண்ணா,

அவர் நேற்று வந்தார். முதலில் ஆடு விஷயத்தைச் சொன்னேன். உன் கடிதத்தைப் பிரிப்பதற்கு முன்னாலேயே சொல்லிவிட வேண்டும் என்று வைத்திருந்தேன்.

"எனக்கு அன்னிக்கே தெரியும்" என்றார். "ஆடு கடிச்சா காம்பு நசுங்கிப்போயிருக்கும். அது நகத்தால கிள்ளினது."

"அப்புறம் எதுக்கு அதைக் கட்டிப் போட்டீங்க?" என்று கேட்டேன்.

"நீ எப்ப அவுத்து வுடுவேன்னு பாத்துக்கினு இருந்தேன்" என்றார்.

போய் அவிழ்த்துவிட்டு வந்து, கொட்டில் பக்கத்திலேயே உட்கார்ந்து கொஞ்ச நேரம் அழுதேன். இலை கிள்ளின இடத்துக்குப் பக்கத்தில் புதுத் துளிர் விட்டிருக்கிறது, செம்பு நிறத்தில். இனி ஆடு வந்து மேயாமல் இருக்க முள் வைக்க வேண்டும்.

மேலே இன்னும் தள்ளி, தண்ணீர் துளி நிற்காமல், ஊமத்தைகூட முளைக்காத இடம் ஒன்று இருக்கிறது. நல்ல சரிவு. புதுச் செடிகளை அங்கே மேடு போட்டு வைக்கலாம் என்கிறார். பழைய குழிகளைக் காய விட வேண்டுமாம். முதலில் இலைதழை மக்க வேண்டும், அதற்கே ஒரு மழைக்காலம் போகும். அவசரப்படாதே என்று உன்னிடம் சொல்லச் சொன்னார். உன் குணம் தெரிந்துவிட்டது போல.

மண்வெட்டி இங்கேயே இருக்கிறது. நீ மடியை மட்டும் கொண்டுவா. கண்ணகி காதைத் தொட்டுத் தொட்டுப் பார்த்துக்கொண்டு திரிகிறாள். அப்பாவுக்கு மலைப்பாதையில் தலை சுற்றும், ஜன்னல் ஓரம் உட்கார வை.

உன் கடிதத்தின் கடைசிப் பகுதியை அவருக்குப் படித்துக் காட்டினேன். விறகு பிளந்துகொண்டிருந்தார். நான் முடித்ததும் தலையைத் தூக்காமல், "இன்னொருவாட்டி படி. காத்துல சரியா வுழல" என்றார். இலைகூட அசையவில்லை அண்ணா, காற்றே இல்லை. மறுபடி படித்தேன். மாப்பிள்ளை என்கிற இடத்தில் கோடாலியைக் கீழே வைத்துவிட்டு, "அந்தக் கடேசி வரி மட்டும்" என்றார். இன்னொரு தடவையும் படித்தேன்.

சீக்கிரம் வந்து சேர்.

நாயகி